ரோக் ஆறு: அஞ்சல் படகிலிருந்து ரப்பர் மிதவை வரை

அமெரிக்காவின் ஆரிகன் மாநிலத்தில், கிரேட்டர் லேக் என்னும் எரிமலை வாய் ஏரிக்கு அருகே ஊற்றெடுத்து, காஸ்கேட் மலைத்தொடரை விட்டு மேற்கே இறங்கி, சிஸ்கியூ மலைகளை அறுத்துக்கொண்டு சுமார் 215 மைல் (346 கி.மீ.) ஓடி, கோல்டு பீச் என்ற சிற்றூரில் பசிபிக் கடலில் கலக்கிறது ரோக் ஆறு. 1968 அக்டோபர் 2 அன்று குடியரசுத் தலைவர் லிண்டன் ஜான்சன் கையெழுத்திட்ட சட்டம் ஒன்று நாட்டின் எட்டு ஆறுகளை அணையின்றி ஓடவிட வேண்டியவை என்று அறிவித்தபோது, அந்த எட்டில் ஒன்றாக ரோக் ஆற்றின் 84 மைல் நீளப் பகுதி இடம்பெற்றது. இன்று அங்கு ரப்பர் மிதவையில் செல்வோரும் தூண்டில் போடுவோரும் கரையோரம் நடப்போரும் மனிதக் கை படாத ஓர் ஆற்றைக் காண வந்ததாகவே பெரும்பாலும் எண்ணுகிறார்கள். ஆற்றின் வரலாறு அதற்கு நேர்மாறானது. அங்கு பொழுதுபோக்காக நிகழும் ஒவ்வொன்றும் ஒரு காலத்தில் யாரோ ஒருவரின் பிழைப்பாக இருந்தது. சட்டம் காப்பாற்றியது கன்னி நிலத்தை அன்று. பிழைப்புகள் ஓய்ந்தபின் எஞ்சிய ஓர் ஆற்றையே.

சட்டத்தின் பெயரில் ஆற்றுக்கு அடையாக உள்ள ‘வைல்டு’ (wild) என்ற சொல்லைக் கொண்டு, அத்தகைய ஆற்றைத் தமிழில் ‘காட்டாறு’ என்று பெயர்ப்பது பொருந்தாது. தமிழில் காட்டாறு என்பது மலையில் மழை பெய்தால் திடீரெனச் சீறி வந்து, மழை விட்டதும் வற்றிப்போவது. வற்றாமல் ஓடும் பெருநதியை எவரும் அப்படிச் சொல்வதில்லை. அமெரிக்கச் சட்டம் குறிப்பது, குறுக்கே அணையோ தடுப்போ இல்லாமல் ஓடுவதும், மீன்வளம், நில அமைப்பு, வரலாறு, கண்ணுக்கினிய காட்சி போன்றவற்றில் ஏதேனும் ஒன்றிலாவது தனிச்சிறப்பு உடையதுமான ஆற்றை. அத்தகைய ஆற்றைச் சட்டம் மூன்று வகையாகப் பிரிக்கிறது: நடைபாதை வழியாக மட்டுமே எட்டக்கூடிய, கரை பெரிதும் பழைய நிலையிலேயே இருக்கும் ‘இயல்நிலை’ப் பகுதி, ஆங்காங்கே சாலை வந்து தொடும் ‘காட்சி’ப் பகுதி, சாலைகளும் வீடுகளும் நெருங்கிவிட்ட ‘பொழுதுபோக்கு’ப் பகுதி. கடைசிப் பெயர் பலரையும் ஏமாற்றுவது. கேளிக்கைக்கென ஒதுக்கிய பகுதி என்பது அதன் பொருள் அன்று. மூன்று வகையிலும் படகு விடலாம், மீன் பிடிக்கலாம். பட்டியலில் சேர்த்த நாளில் கரை எந்த அளவுக்கு மாறியிருந்தது என்பதை மட்டுமே வகைப்பெயர் சொல்கிறது. ரோக் ஆற்றில் கிரேவ் கிரீக் ஓடை கலக்கும் இடத்துக்குக் கீழே உள்ள ஏறக்குறைய 34 மைல் இயல்நிலைப் பகுதி.

ஆற்றின் பெயரே ஒரு வசவு. 19ஆம் நூற்றாண்டின் முற்பகுதியில் அப்பகுதிக்கு வந்த பிரெஞ்சு மொழி பேசும் மென்மயிர் வேட்டைக்காரர்கள், அங்கு வாழ்ந்த மக்களைப் ‘போக்கிரிகள்’ என்று குறிப்பிட்டு ஆற்றுக்கும் அப்பெயரை இட்டார்கள். ஆங்கிலத்தில் அதுவே ரோக் ஆனது. 1854இல் ஆரிகன் சட்டமன்றம் இதைப் ‘பொன்னாறு’ என்று மாற்றிச் சட்டம் இயற்றியும் பழைய பெயரே மறுபடி நிலைத்துவிட்டது. போக்கிரிகள் எனப்பட்டவர்கள் டக்கெல்மா மக்களும், கீழாற்றில் வாழ்ந்த டுடுட்னி உள்ளிட்ட அத்தபாஸ்கன் மொழி பேசும் மக்களும் ஆவர். கடலிலிருந்து முட்டையிட ஏறிவரும் சால்மன் மீனை அருவிகளின் அடியில் பிடித்து, புகையிலிட்டு உலர்த்தி ஆண்டு முழுவதற்கும் சேமித்தவர்கள் இவர்கள். 1850களின் தொடக்கத்தில் ஜாக்சன்வில் அருகே பொன் கிடைத்ததும் சுரங்கக்காரர்கள் திரண்டு வந்து ஓடைப் படுகைகளைக் கிளறினார்கள். சேறு கலந்த நீரில் மீன் குறைந்தது, மோதல்கள் பெருகின. 1855 அக்டோபரில் தன்னார்வப் படையினர் ஒரு குடியிருப்பைத் தாக்கிப் பெண்களையும் குழந்தைகளையும் முதியவர்களையும் கொன்றதோடு போர் மூண்டது. 1856 மே மாதம் இன்றைய இயல்நிலைப் பகுதியின் கீழ்முனையை ஒட்டிய பிக் பெண்ட் என்ற வளைவில் நடந்த சண்டையில் அது முடிவுக்கு வந்தது. தப்பியவர்கள் வடக்கே சிலெட்ஸ், கிராண்ட் ரோண்ட் ஒதுக்கிடங்களுக்குக் கொண்டுசெல்லப்பட்டனர். இன்று பயணிகள் வியந்து பேசும் ஆளற்ற தனிமை இயற்கை தந்தது அன்று, 1856இல் செய்யப்பட்டது.

அதன்பின் இந்த இயல்நிலைப் பகுதியின் மலையிடுக்கில் தங்கியவர்கள் சிலரே. மணலை அலசிப் பொன் தேடியவர்கள் ஓடை முகங்களில் மரக்குடில் கட்டி வாழ்ந்தார்கள். 1880 வாக்கில் கட்டப்பட்ட விஸ்கி கிரீக் குடில் இன்றும் நிற்கிறது. பொன் கொஞ்சமாகத்தான் கிடைத்தது. மான் இறைச்சியும் மீனும் சிறு தோட்டமுமே அவர்களைக் காத்தன. அவர்களும் சுமைக் கோவேறு கழுதைகளும் பாறை விளிம்பில் மிதித்து உண்டாக்கிய தடமே, இன்று கிரேவ் கிரீக்கிலிருந்து 40 மைல் நீளும் நடைபயணப் பாதையின் முன்னோடி. கோடையில் தகிக்கும் வெயிலில் அதில் முதுகுச் சுமையோடு நான்கைந்து நாள் நடப்பவர் ஒருவர் ஓடைக்கு ஓடை தூரத்தைக் கணக்கிட்டால், பெரும்பாலும் பழைய குடில்களின் இடைவெளியையே கணக்கிடுகிறார்.

கீழாற்றின் கதை வேறு. 1876இல் அங்கு வந்த ராபர்ட் டெனிஸ்டன் ஹியூம், சால்மன் மீனை டின்னில் அடைக்கும் ஆலையைக் கட்டினார். கழிமுகத்தையொட்டிய இரு கரை நிலங்களையும் பெரும்பாலும் வாங்கிப்போட்டதால், வலை இறக்கக் கரையில் இடம் வேண்டிய எவரும் அவரிடம்தான் போக வேண்டியிருந்தது. கடை, கப்பல், செய்தித்தாள் எல்லாம் அவருடையவை. மீன் குறைவதைக் கண்டு, முட்டைகளைப் பொரிக்கவைத்துக் குஞ்சுகளை ஆற்றில் விடும் பொரிப்பகத்தை மேற்குக் கடற்கரையில் முன்கூட்டியே தொடங்கியவர்களில் அவரும் ஒருவர் என்பதையும் சொல்ல வேண்டும். பேராசையும் முன்யோசனையும் ஒரே ஆளிடம் இருந்தன. 1908இல் அவர் இறந்தபின் சண்டை வெளிப்படையாயிற்று. செவுளில் சிக்கவைத்துப் பிடிக்கும் வலைகளைக் கீழாற்றில் கட்டினால் தங்களுக்கு மீன் ஏறி வருவதில்லை என்று மேலாற்றுத் தூண்டில்காரர்களும் அவர்களை நம்பியிருந்த விடுதிக்காரர்களும் வாதாடினார்கள். வலைக்கு ஒரு முறை தடை வந்தது, நீங்கியது. இறுதியில் 1935இல் வணிக மீன்பிடிப்பு அந்த ஆற்றில் முற்றிலும் நின்றது. வலைக்குப் பதில் தூண்டிலே வென்றது எனலாம். ஆனால் அது அறத்தின் வெற்றி மட்டும் அன்று, தூண்டில் போட வருபவர் விடுதிக்கும் வழிகாட்டிக்கும் செலவழிக்கும் பணம் டின் மீனை விட மதிப்புடையதாகிவிட்டதன் விளைவும் ஆகும். மேற்கத்திய வீரக்கதைகளால் பெரும்புகழ் பெற்ற நாவலாசிரியர் ஜேன் கிரே 1926இல் விங்கிள் பார் என்ற மேட்டில் ஒரு சுரங்க நிலத்தை வாங்கிக் குடில் கட்டியதும், இந்த மீன்பிடிச் சண்டையையே பொருளாகக் கொண்டு நாவல் எழுதியதும் ரோக் ஆற்றின் பெயரை நாடெங்கும் கொண்டுசென்றன. அவரைக் கவர்ந்தது கடலுக்குப் போய்த் திரும்பும் ‘ஸ்டீல்ஹெட்’ என்ற டிரௌட் மீன். தூண்டிலில் மாட்டினால் நீரை விட்டுத் துள்ளி எழுந்து நெடுநேரம் போராடும் வகை அது.

சாலை இல்லாத ஊர்களுக்கு ஆறே சாலை. கோல்டு பீச்சிலிருந்து மேலே சுமார் 32 மைலில் உள்ள ஆக்னஸ் வரை படகில் அஞ்சல் கொண்டுசெல்லும் முறை 1895இல் எலைஜா பிரைஸ் என்பவரின் முயற்சியால் தொடங்கியது. அந்த ஊருக்கு அஞ்சலக அதிபர் ஒருவரின் மகள் பெயரை வைக்கப்போய், பதிவேட்டில் ஓர் எழுத்து கூடுதலாக விழுந்து அப்படியே நின்றுவிட்டது. தொடக்கத்தில் துடுப்பு வலித்தும், ஆழமில்லாத இடத்தில் கழி ஊன்றித் தள்ளியும், கயிறு கட்டி இழுத்தும் எதிரோட்டத்தில் ஏறினார்கள். அஞ்சல் பையோடு மாவு மூட்டையும் மருந்தும் ஆட்களும் ஏறின. ஆக்னஸுக்கு மேலே கோவேறு கழுதைகள் பையைச் சுமந்தன. பின்னர் எந்திரப் படகு வந்தது. நியூசிலாந்தில் ஆட்டுப்பண்ணை வைத்திருந்த வில்லியம் ஹாமில்டன், ஆழங்குறைந்த ஆறுகளில் செல்வதற்கென்றே 1950களில் உருவாக்கிய நீர்த்தாரைப் படகு, அதாவது வெளியே சுழலும் விசிறி இல்லாமல் நீரை உறிஞ்சிப் பின்புறம் பீய்ச்சி விரையும் படகு, ரோக் ஆற்றின் கூழாங்கல் படுகைக்கு அளவெடுத்துத் தைத்தது போல் அமைந்தது. அஞ்சல் பைக்காக ஓடிய படகில் வேடிக்கை பார்க்க வந்தவர்கள் ஏறினார்கள். நாளடைவில் அவர்களுக்காகவே படகு ஓடியது.

மேலாற்றுக்கும் கீழாற்றுக்கும் இடையில் உள்ள மலையிடுக்கை ஆரம்பத்தில் படகில் கடந்தவர்களில் நினைவில் நிற்பவர் கிளென் வுல்ட்ரிட்ஜ். 1915இல் தாமே செய்த மரப்படகில் கால் ஆலன் என்ற தோழரோடு கிராண்ட்ஸ் பாஸ் ஊரிலிருந்து கிளம்பி ஐந்து நாளில் கோல்டு பீச்சை அடைந்தபோது அவருக்கு வயது இருபது கூட ஆகவில்லை. சில ஆண்டுகளில் பணம் கொடுத்து வரும் தூண்டில்காரர்களை ஏற்றிச் செல்வதே அவருடைய தொழிலாகிவிட்டது. அவரும் அவருக்குப் பின் வந்தவர்களும் ஓட்டிய படகு அடிப்புறம் தட்டையாகவும் இரு முனைகளும் மேல்நோக்கி வளைந்தும் இருக்கும். அதை ஓட்டும் முறை, குளத்துப் படகை ஓட்டிப் பழகியவருக்கு விந்தையாகத் தோன்றும். குளத்தில் துடுப்பு வலிப்பவர் போகும் திசைக்கு முதுகு காட்டி அமர்வார். ரோக் ஆற்றிலோ அவர் வரப்போகும் பாறையை நேருக்கு நேர் பார்த்தபடி அமர்ந்து, துடுப்பைத் தம் பக்கம் இழுத்து ஓட்டத்துக்கு எதிராகப் படகைப் பிடித்து நிறுத்துகிறார். நீரை விடப் படகு மெதுவாகப் போனால்தான் அதைப் பக்கவாட்டில் நகர்த்த முடியும். பிளாசம் பார் என்ற இடத்தில் இந்தக் கலை முழுவதும் சோதிக்கப்படுகிறது: பாறைகளுக்கு நடுவே இடப்புறமாக நுழைந்து, நேரே தள்ளிக்கொண்டு போகும் ஓட்டத்தில் அகப்படாமல், நான்கைந்து வலிப்பில் வலப்பக்கம் விலகிப் பெரும்பாறை ஒன்றின் பின்னால் உள்ள அமைதி நீரில் ஒதுங்க வேண்டும், தவறினால் வேலிக்கம்பு போல் வரிசையாக நிற்கும் பாறைகளில் படகு சார்த்தப்பட்டு, நீர் அதைப் பிடித்துக்கொள்ளும். அங்கே கரையில் பூக்கும் அசேலியாவால் வந்த பெயர் ‘பிளாசம்’. படகோட்டிகள் பூவைப் பார்ப்பதாகத் தெரியவில்லை.

இங்குதான் வரலாற்றாசிரியர் சற்று நிற்க வேண்டும். பிளாசம் பார் ஒரு காலத்தில் படகு நுழையவே முடியாத பாறைக் குவியல். ஏற்றிய சாமானை இறக்கி, படகைக் கயிற்றில் கட்டிப் பாறை மேல் ஏற்றி இறக்க வேண்டியிருந்தது. அதில் வழி திறந்தது வுல்ட்ரிட்ஜின் வெடிமருந்து. ஆண்டுக்கணக்கில் அவர் அங்கும் வேறு பல இடங்களிலும் பாறைகளைத் தகர்த்துப் படகுப் பாதையை ஒழுங்குபடுத்தினார். 1947இல் வெளிப்பொருத்து மோட்டார் படகில் கோல்டு பீச்சிலிருந்து கிராண்ட்ஸ் பாஸ் வரை எதிரோட்டத்தில் ஏறியும் காட்டினார். மேலே ரெய்னி அருவியில் மைய ஓட்டத்தைத் தவிர்த்து மிதவைகளைக் கயிற்றில் இறக்கும் வலக்கரை வாய்க்காலும் மீன் ஏறுவதற்காகப் பாறையை உடைத்து உண்டாக்கியதே. ஆக, இயல்நிலை ஆறு என்று சட்டம் முத்திரையிட்ட பகுதியில், இன்றைய படகுப் பயணத்தையே சாத்தியமாக்கியது டைனமைட். இதைக் குற்றமாகச் சொல்வதற்கில்லை. ஆனால் சொல்லாமல் விடுவது பொய்.

சட்டம் பிறந்த சூழலைச் சுருக்கமாகவே கூறலாம். இரண்டாம் உலகப்போருக்குப் பின் அமெரிக்காவில் அணை கட்டாத ஆறே மிஞ்சாது என்ற நிலை உருவாயிற்று. கொலராடோ படுகையில் எக்கோ பார்க் அணைத் திட்டம் 1956இல் மக்கள் எதிர்ப்பால் கைவிடப்பட்டது; அதே படுகையில் கிளென் பள்ளத்தாக்கோ 1963இல் நீரில் மூழ்கத் தொடங்கியது. மொன்டானா மாநிலத்தில் பிளாட்ஹெட் ஆற்றின் நடுக்கிளையில் வரவிருந்த அணையை எதிர்த்த இரட்டையர்களான ஜான் கிரெய்க்ஹெட், பிராங்க் கிரெய்க்ஹெட் ஆகிய உயிரியலாளர்கள், அணையை ஒவ்வொன்றாக எதிர்த்து அலுப்பதை விட, எந்த ஆற்றைக் காக்க வேண்டும் என்று முன்கூட்டியே வகைப்படுத்திப் பட்டியலிடுவதே வழி என்ற எண்ணத்தை 1950களின் இறுதியில் பரப்பினார்கள். வெளிப்புறப் பொழுதுபோக்கு வளங்களை ஆராய்ந்த நாடாளுமன்ற ஆணையம் 1962இல் அதையே பரிந்துரைத்தது. ஐடஹோ மாநில செனட்டர் பிராங்க் சர்ச் சட்டமாகக் கொண்டுவந்தார். அதன் உயிர் ஒரு தடையில் இருக்கிறது: பட்டியலில் உள்ள பகுதியில் நீர்மின் அணைக்கு உரிமம் வழங்கக் கூட்டரசுக்கு அதிகாரமில்லை. கரை நிலத்திலோ சட்டம் மென்மையாகவே நடக்கிறது. இரு புறமும் சராசரியாகக் கால் மைல் அகலமே எல்லை, அதற்குள் இருக்கும் தனியார் வீடுகளும் பெரும்பாலும் அப்படியே தொடர்கின்றன. ரோக் ஆற்றின் இயல்நிலைப் பகுதிக்குள் இன்றும் பயணியர் விடுதிகள் உண்டு. கீழேயிருந்து நீர்த்தாரைப் படகுகள் பிளாசம் பாருக்குச் சற்றுக் கீழ் வரை ஏறிவருகின்றன. தூய்மைவாதிகள் இதைக் கண்டு முகம் சுளிப்பதுண்டு. ஆனால் படகுக்காரரும் விடுதிக்காரரும் ஆதரித்திராவிட்டால், இப்பட்டியலில் ரோக் முதல் வரிசையில் இடம் பிடித்திருக்குமா என்பது ஐயமே.

காத்தவர்களே கூட்டமானபோது காவல் அவர்கள் மேலேயே திரும்ப வேண்டியதாயிற்று. 1970களில் காற்றடைத்த ரப்பர் மிதவை மலிவாகி, திறமை குறைந்தவரும் ஆற்றில் இறங்க முடிந்ததால் மணல் திட்டுகள் குப்பையாலும் அடுப்புக் கரியாலும் நிறைந்தன. இன்று மே 15 முதல் அக்டோபர் 15 வரை, வணிகப் பயணம், தனிப் பயணம் இரண்டும் சேர்த்து ஒரு நாளைக்கு 120 பேர் மட்டுமே இயல்நிலைப் பகுதிக்குள் இறங்கலாம்; தனியாகச் செல்வோருக்கு அனுமதி குளிர்காலத்தில் நடக்கும் குலுக்கலில் கிடைக்கிறது. விறகு எரித்தால் இரும்புத் தட்டில்தான் எரிக்க வேண்டும். சாம்பலையும், கையோடு கொண்டுபோன கழிப்பறைப் பெட்டியில் சேர்ந்ததையும் கடைசி வரை சுமந்து வெளியே கொண்டுவர வேண்டும். உணவு வாசனை பிடித்து வரும் கருங்கரடிகளுக்காகச் சில தங்குமிடங்களில் மின்வேலி போடப்பட்டிருக்கிறது. நான்கு நாள் பயணத்தின் முடிவில் படகுக்காரர் ஒருவர் முதலில் இறக்கிவைப்பது இந்தக் கழிப்பறைப் பெட்டியைத்தான் என்பதிலிருந்து, இயல்நிலையைப் பேணுவது எவ்வளவு வீட்டு வேலை போன்ற காரியம் என்று உணரலாம்.

இன்னொரு முரணும் உண்டு. இயல்நிலைப் பகுதிக்கு வெகு மேலே 1977இல் லாஸ்ட் கிரீக் அணை இயங்கத் தொடங்கியது. அதை அமைக்க ஒப்புதல் 1962இலேயே கிடைத்திருந்தது, 1964 டிசம்பர் வெள்ளம் அதற்கு ஆதரவைப் பெருக்கியது. கோடையில் இயல்நிலைப் பகுதியில் ஓடும் குளிர்ந்த நீரின் அளவைப் பெருமளவு தீர்மானிப்பது அந்த அணையின் மதகுகளே. எனவே ஆகஸ்டு மாதத்தில் அங்கு மிதவை விடுபவர், அணையற்ற ஆற்றில் அணை நீரில் மிதக்கிறார். ஆனால் அதற்குக் கீழே இருந்த தடுப்புகள் ஒவ்வொன்றாக விழுந்தன: கட்டி முடியாமல் 1987இல் நிறுத்தப்பட்ட எல்க் கிரீக் கிளை அணை 2008இல் நடுவே பிளக்கப்பட்டது, அதே ஆண்டு கோல்டு ஹில் தடுப்பு அகற்றப்பட்டது, 1921 முதல் பாசனத்துக்கு நீர் தந்த சாவேஜ் ரேப்பிட்ஸ் அணைக்குப் பதில் நீரேற்று எந்திரங்கள் வைக்கப்பட்டு 2009இல் அது இடிக்கப்பட்டது, 1904இல் எழுந்த கோல்டு ரே அணை 2010இல் போயிற்று. லாஸ்ட் கிரீக்கிலிருந்து கடல் வரை 157 மைல் தூரம் ஆறு இன்று தடையின்றி ஓடுகிறது. 1988இல் மேலாற்றின் 40 மைலும், 2019இல் கீழ்ப்பகுதியில் கலக்கும் பல ஓடைகளும் பட்டியலில் சேர்ந்தன.

தடுப்பு நீங்கிய கோல்டு ஹில் ஊரருகே டீலோமிக் அருவி இருக்கிறது. இன்று அதன் நுரைப் பாய்ச்சலில் கயாக் படகோட்டிகள் பயிற்சி செய்கிறார்கள். டக்கெல்மா மக்கள் பருவத்தின் முதல் சால்மனை வரவேற்றுச் சடங்கு செய்த இடமும் அதுவே. 1856க்குப் பின் நின்றுபோன அந்தச் சடங்கை, சிலெட்ஸ் வழிவந்த டக்கெல்மா மூதாட்டி ஆக்னஸ் பேக்கர் பில்கிரிம் 1994இல் ரோக் படுகையில் மறுபடி தொடங்கினார். பின்னர் டீலோமிக்கிலேயே அது நடந்தது. மீனைச் சமைத்துக் கூடியிருப்போர் அனைவரும் பகிர்ந்து உண்டபின் அதன் எஞ்சிய முள்ளும் தோலும் ஆற்றுக்கே திருப்பித் தரப்படுகின்றன. அவர் 2019 நவம்பரில் தம் 95ஆம் வயதில் மறைந்தார்.